பதினேழாம் கை

செம்மலரின் வலது கை திங்கட்கிழமை காலை பதினொன்று பத்துக்கு டீ கிளாஸின் விளிம்பை நகத்தால் இரண்டு முறை தட்டியது. தட்டச் சொல்லி அவள் கேட்கவில்லை. தலைக்கு மேலே ஒழுகும் ஏசியிலிருந்து அடுத்த சொட்டு எப்போது விழும் என்று அவள் பார்த்துக்கொண்டிருந்தாள். கை தன் பாட்டுக்கு டொக், டொக் என்று தட்டிவிட்டு, யாரிடமோ அனுமதி கிடைத்துவிட்டது போல கிளாஸைத் தூக்கி அவள் வாயருகே கொண்டுவந்தது.

டீயைக் குடித்து முடித்து, நீல அட்டை போட்ட நோட்டைத் திறந்தாள். ஆஸ்பத்திரியில் கொடுத்த நோட்டு. வரிசை எண், நேரம், கை செய்தது, நான் கேட்டேனா என்று நான்கு கட்டங்கள் அச்சடித்திருந்தார்கள். ஐந்தாவது ஒன்றை அவளே ஸ்கேல் வைத்துக் கோடு போட்டுச் சேர்த்திருந்தாள்: 'ஒருவேளை கேட்டிருப்பேனோ?' மற்ற நான்கையும்விட அதில்தான் அதிகம் எழுதியிருந்தாள். கையைப் பற்றிப் புகார் எழுதவும் அதே கைதான் வேண்டியிருந்தது. அது முகம் சுளிக்காமல் எழுதியது: எண் 214, கிளாஸ் தட்டல், இல்லை.

"மறுபடியும் தட்டிச்சா?"

மேசைகளுக்கு நடுவே இருந்த தடுப்புக்கு மேலே குணசீலனின் தலை தெரிந்தது. நாற்பத்தெட்டு வயது. ஸ்டூடியோவில் எல்லோருக்கும் மூத்தவர். தடுப்பு உயரமானது என்பதால், மேசையில் உட்கார்ந்துவிட்டால் ஒரு தலையும் ஒரு குரலுமாகத்தான் செம்மலருக்கு அவரைத் தெரியும்.

"தட்டிச்சுண்ணே."

"பஸ் கண்டக்டரா இருப்பான்மா. படில நிக்கிறவன மேல வரச் சொல்லிக் கம்பியில தட்டுவான் பாரு."

"போன வாரம் கேரம் போர்டு ஆடுறவன்னு சொன்னீங்க."

"போன வாரம் எனக்கு விவரம் பத்தல. இப்ப ஆழமா ஆராய்ச்சி பண்ணியிருக்கேன்." தலை கீழே போனது. பிறகு குரல் மட்டும் வந்தது. "ஒன்பதாம் நம்பர் சீட்ல துண்டு போட்டு உக்காரும்மா, ஜலதோஷம் புடிக்கும். நான் அங்க இருந்தப்ப பின்கழுத்துல குற்றாலமே ஓடிச்சு."

அவர்கள் இருபத்து மூன்று பேரும் ஜப்பானியத் தொடர்களுக்கு இடைப்படம் வரைபவர்கள். ஓர் அசைவின் முதல் படமும் கடைசிப் படமும் டோக்கியோவிலிருந்து வரும். நடுவில் உள்ள படங்களை கிண்டியில் இந்த மூன்றாவது மாடியில் பென்சிலால் வரைந்து நிரப்புவார்கள். இயந்திரம் ஒரு நிமிடத்தில் போட்டுவிடும் வேலை. அதனாலேயே, 'மனிதக் கையால் வரையப்பட்டது' என்ற முத்திரைக்கு அங்கே பெரிய மதிப்பு வந்திருந்தது. அதற்குச் சான்றாக ஒவ்வொருவரும் வேலை நேரத்தில் மெல்லிய வெள்ளைக் கையுறை போட்டுக்கொள்வார்கள். விரல் அசைவு முழுவதையும் அது பதிவு செய்யும்.

இந்தச் சீசனில் வந்திருந்த தொடரின் பெயர் 'கைக்காடு'. ரயில்வேயில் தொலைந்த பொருட்களைக் காக்கும் குமாஸ்தா ஒருவன். அவன் விலா எலும்புகளின் நடுவே ஒரு கை முளைக்கிறது. பிறகு இன்னொன்று. பத்தாவது அத்தியாயத்துக்குள் இருபத்து மூன்று கைகள். ஒவ்வொன்றுக்கும் ஒரு விருப்பம். ஒன்று தைக்கும், ஒன்று திருடும், ஒன்று அவன் தூங்கும்போது கழுத்தை நெரிக்கும். வெட்டி எடுக்க டாக்டர் வருகிறார். எந்த இரண்டு தன்னோடு பிறந்தவை என்பது குமாஸ்தாவுக்கே மறந்துபோகிறது. ஆளுக்கு ஒரு கை என்று ஸ்டூடியோவில் பிரித்துக்கொண்டார்கள். செம்மலருக்குப் பதினேழு. கழுத்தை நெரிக்கும் கை.

"இதுல மனுஷன் எவன்னு கடைசி வரைக்கும் சொல்ல மாட்டானுங்க," என்றார் குணசீலன். "சொல்லிட்டா அடுத்த சீசன் எப்படி ஓடும்?"

செம்மலரின் சொந்த வலது கை பதினான்கு மாதங்களுக்கு முன்னால் பூந்தமல்லி சாலையில் ஒரு தண்ணீர் லாரியோடு போய்விட்டது. இப்போது இருப்பது அவளுடைய செல்லிலிருந்தே எட்டு மாதம் தொட்டியில் வளர்த்துப் பிப்ரவரியில் பொருத்திய கை. ரேகை முதற்கொண்டு அவளுடையது. ஆனால் தொட்டியில் வளர்ந்த கைக்கு ஒன்றுமே தெரியாது. ஸ்பூனைக்கூடப் பிடிக்காது. அதற்கு வழி கண்டிருந்தார் டாக்டர் அஃப்ரோஸ்.

"தயிர் எப்படிம்மா போடுவீங்க?" என்று அவர் முதல் நாளே கேட்டிருந்தார். "பால் மட்டும் இருந்தா ஆகாதுல்ல. கொஞ்சம் உறைமோர் விடணும். அதே மாதிரிதான். ஒரு பழகின கையோட அசைவ இந்தக் கைக்கு உறை ஊத்துறோம். பால் உங்களுது. உறை உங்க பழைய பதிவாவும் இருக்கலாம், வேற வீட்டுதாவும் இருக்கலாம்."

"எனக்கு எது டாக்டர்?"

"தெரியாது. பாதிப் பேருக்கு அவங்களோடது, பாதிப் பேருக்கு அடுத்தவங்களோடது. கம்ப்யூட்டர் பிரிச்சுது. எனக்குத் தெரிஞ்சா என் மூஞ்சியப் பாத்தே கண்டுபுடிச்சிடுவீங்க. பழைய வீடியோ எதுவும் பாக்காதீங்க, அதுவும் விதி. ஆறு மாசம் கழிச்சு நீங்களே சொல்லுங்க, கை உங்களோடதா, இல்லையான்னு. சொன்னப்புறம் கவரைப் பிரிப்போம்."

"இல்லைன்னா?"

"உறைய கழுவிடலாம். வெறும் கை மிஞ்சும். மறுபடி குழந்தை மாதிரி எல்லாத்தையும் நீங்க பழக்கணும். வரையறதுக்கு ரெண்டு வருஷம் ஆகலாம். வராமலும் போகலாம். கழுவினா கழுவினதுதான்."

அந்த ஆறு மாதம் இந்த வெள்ளிக்கிழமை முடிகிறது.

செவ்வாய்க்கிழமை மதியம் ஸ்டூடியோ மேலாளர் பெனடிக்ட் அவளைக் கூப்பிட்டார். டோக்கியோவிலிருந்து வந்த குறிப்பைச் சிரிப்போடு நீட்டினார். "இயக்குநரே எழுதியிருக்கார். மொத்தத்துல பதினேழாம் கைக்கு மட்டும் ஒரு பழைய வாழ்க்கை இருக்காம். கழுத்த நெரிக்கப் போறதுக்கு முன்னாடி கட்டைவிரல் மத்த நாலு விரலையும் சுண்டுவிரல்ல இருந்து தொட்டு எண்ணிக்குதாம், எல்லாரும் வந்தாச்சான்னு பாக்கிற மாதிரி. அத பாத்துட்டு அவருக்குத் தூக்கம் வரலையாம். யார் யோசனைன்னு கேக்கறார். அடுத்த அத்தியாயத்துக்கு முதல் படமே உன்ன வரையச் சொல்றார். உன் பேரு தனியா வரும்மா."

செம்மலர் தன் கையைப் பார்த்தாள். விரல்களை எண்ணுவது நோட்டில் எண் 1. பென்சிலைத் தொடுவதற்கு முன்னால் கை அதைச் செய்யும். படத்திலும் அதுவேதான் நுழைந்திருக்கிறது. அவள் கேட்டு அல்ல.

"சார், அது என் யோசனை இல்ல. கை பண்ணிச்சு."

"எல்லாருக்கும் கைதான்மா பண்ணுது. எனக்கென்ன காலா பண்ணுது?"

இதைக் கேட்டு வெளியே நான்கு பேர் சிரித்தார்கள். அவள் சிரிக்கவில்லை. தன் இடத்துக்கு வந்து துண்டைக் கழுத்தில் போட்டுக்கொண்டு உட்கார்ந்தாள். இந்த ஊரில் எங்கோ ஒருவர் டீ கிளாஸைத் தட்டிவிட்டு, விரலை எண்ணிவிட்டு, தன் வேலையைப் பார்த்துக்கொண்டிருக்கிறார். அவருடைய பழக்கம் டோக்கியோவில் ஒருவரின் தூக்கத்தைக் கெடுத்திருக்கிறது. பெயர் மட்டும் செம்மலர் என்று வரப்போகிறது. இது திருட்டில்லையா? இல்லையென்றால் ஏன் திருடியது போல இருக்கிறது? இரண்டு கேள்வியையும் ஐந்தாவது கட்டத்தில் எழுதினாள். இடம் போதவில்லை.

அன்று மாலை தி.நகரில் ஜப்பானிய வகுப்பு. செவ்வாயும் வியாழனும் ஆறரை முதல் எட்டு வரை. டோக்கியோ குறிப்புகளை மொழிபெயர்ப்பு இல்லாமல் படிக்க வேண்டும் என்று சேர்ந்திருந்தாள். ஆசிரியை ஒவ்வொரு பொருளாகத் தூக்கிக் காட்டி, இது யாருடையது என்று கேட்டார். இது என்னுடைய குடை. இது என்னுடைய சாவி. எல்லோரும் வெகு சுலபமாகச் சொன்னார்கள். செம்மலரின் முறை வந்தபோது அவள் தன் பையைத் திறந்து, உள்ளே பெயர் எழுதியிருக்கிறதா என்று பார்த்துவிட்டுத்தான் பதில் சொன்னாள்.

புதன்கிழமை அவள் முடிவோடு வந்தாள்.

"அண்ணே, கழுவிடப் போறேன்."

தடுப்புக்கு அந்தப் பக்கம் பென்சில் சத்தம் நின்றது. வழக்கமாகத் தலை மட்டும் எழும். இன்று குணசீலன் முழு ஆளாக எழுந்து சுற்றிக்கொண்டு வந்தார். இடது கையில் டீ. வலது கை பேன்ட் பைக்குள். மார்ச்சில் அவள் வேலைக்குத் திரும்பியதிலிருந்தே அப்படித்தான். தோள்பட்டை வலி, வரைகிற நேரம் தவிர கைக்கு ஓய்வு கொடுக்கச் சொல்லியிருக்கிறார்கள் என்பார். பழைய படத்துக் கதாநாயகன் மாதிரி இருக்கிறார் என்று ஸ்டூடியோவே அவரைக் கேலி செய்தது.

"எத கழுவப் போற?"

"உறையத்தான். இவ்வளவு நல்லா வரையறது நான் இல்லண்ணே. என் பழைய கை இப்படி வரஞ்சதே இல்ல. யாரோட திறமைக்கோ நான் பேரு வாங்க முடியாது."

"யாரோ வந்து கேட்டாங்களா, என் பழக்கத்தக் குடுன்னு?"

"கேக்கலைன்னா எடுத்துக்கலாமா?"

குணசீலன் டீயைப் பார்த்தார். கிண்டலுக்கு அவர் பக்கம் பஞ்சமே இருந்ததில்லை. இப்போது தேடினார். "ரெண்டு வருஷம்மா. அப்புறமும் வரும்னு உத்தரவாதம் இல்ல. நீ கழுவிட்டு உக்காந்து அ, ஆ எழுதிக்கிட்டு இருப்ப, பதினேழாம் கைய வேற எவனாவது வரைவான். குமாஸ்தா கழுத்தையே நெரிச்சிடுவான்."

"அது நெரிக்கிற கைதான்ணே."

"நீ வரையறது நெரிக்கிற கை இல்ல. போயும் போயும் நெரிக்க வேண்டியிருக்கேன்னு வருத்தப்படுற கை." அவர் குரலைத் தாழ்த்தினார். "உன் பழைய கையுறை ரீல பாத்தியா?"

"பாக்கக் கூடாது. விதி."

"விதிய கொஞ்சம் ஏசிக்கு அடியில வை. நனையட்டும். போய்ப் பாரு."

செம்மலர் பள்ளியில் வீட்டுப்பாடத்துக்கு மார்ஜின் போடாதவர்களைப் பற்றி ஆசிரியரிடம் சொன்னவள். விதியை மீற அவளுக்கு ஒரு முழு நாள் ஆயிற்று. வியாழக்கிழமை சாப்பாட்டு வேளையில், எல்லோரும் டிபன் பாக்ஸோடு மாடிக்குப் போன பிறகு, பெனடிக்டின் அலமாரியைத் திறந்தாள். கையுறை வந்த புதிதில், விபத்துக்கு முந்தைய பிப்ரவரியில், டோக்கியோவுக்கு மாதிரி அனுப்ப ஒவ்வொருவரையும் பத்து நிமிடம் படம் எடுத்திருந்தார்கள். முகம் கிடையாது. மணிக்கட்டிலிருந்து கீழே வெள்ளைக் கையுறை மட்டும். பெயரும் கிடையாது, இருக்கை எண்தான். அவள் ஒன்பதை எடுத்துப் போட்டாள்.

திரையில் ஒரு வெள்ளைக் கை டீ கிளாஸின் அருகே வந்தது. விளிம்பை இரண்டு முறை தட்டியது.

செம்மலர் நாற்காலியின் நுனிக்கு வந்தாள். வெள்ளைக் கை ரப்பர் தூளைச் சேர்த்துக் குட்டி உருண்டையாக உருட்டி மேசை ஓரத்தில் வரிசையாக வைத்தது. எண் 6. தாளின் மூலையில் படத்தின் எண்ணைச் சுற்றி இடப்பக்கமாக வட்டம் போட்டது. எண் 19. பென்சிலைத் தொடுவதற்கு முன்னால் கட்டைவிரல் சுண்டுவிரலிலிருந்து ஒவ்வொன்றாகத் தொட்டு எண்ணியது. எண் 1.

அவள் இரண்டாம் முறை ஓட்டினாள். மூன்றாம் முறை ஓட்டும்போது சிரிப்பு வந்துவிட்டது. ஆறு மாதம், இருநூற்றுப் பதினெட்டு புகார். எல்லாம் அவள்மீதே அவள் கொடுத்தவை. இத்தனை நாள் இப்படியெல்லாம் செய்துகொண்டிருந்தும் தனக்கே தெரியாமல் இருந்திருக்கிறதே என்று வெட்கமாக இருந்தது. அந்த வெட்கம்கூட இனித்தது. பாதி பிரித்த டிபன் பாக்ஸோடு மாடிக்கு ஓடி எல்லோரிடமும் சொன்னாள். பெனடிக்ட் கைதட்டினார். குணசீலன் தயிர்சாதத்தைப் பிசைந்தபடி, "நல்லதாப் போச்சு," என்றார். இடது கையால் பிசைந்தார். அதை அவள் கவனிக்கவில்லை.

வெள்ளிக்கிழமை காலை பத்தரைக்கு டாக்டர் அஃப்ரோஸின் மேசையில் படிவம் இருந்தது. 'இந்தக் கை என்னுடையது.' 'இந்தக் கை என்னுடையது அல்ல.' செம்மலரின் கை விரல்களை எண்ணியது. எல்லோரும் வந்தாயிற்று. முதல் கட்டத்தில் டிக் போட்டுக் கையெழுத்திட்டது. இந்த முறை இருவரும் சேர்ந்து போட்ட கையெழுத்து என்று அவளுக்குத் தோன்றியது.

டாக்டர் கவரைப் பிரித்தார். படித்தார். கண்ணாடியைக் கழற்றி மறுபடி போட்டுக்கொண்டார்.

"பிறர்," என்றார்.

"இல்ல டாக்டர். என்னோடதுதான். பாத்தேன்." விதியை மீறியதைச் சொல்லிவிட்டோம் என்பது நாக்கைக் கடித்த பிறகுதான் உறைத்தது.

"பாத்தீங்களா? அத அப்புறம் பேசலாம். இங்க பிறர்னுதான் இருக்கு. உங்க ஸ்டூடியோவுல இருந்து வந்த பதிவுதான். பேர் எங்களுக்கும் தெரியாது. இருக்கை எண் ஒன்பது, பிப்ரவரி."

"ஒன்பது என் இடம் டாக்டர்."

"உங்களோட பதிவு பக்கத்துலயே இருக்கே. இருக்கை எண் நாலு."

செம்மலர் தாளை வாங்கிப் பார்த்தாள். நான்கு என்றுதான் இருந்தது. வருடா வருடம் சித்திரை முதல் தேதி ஸ்டூடியோவில் சீட்டுக் குலுக்கி இடம் மாற்றுவார்கள். ஒழுகும் ஏசிக்கு அடியில் ஒருவரே வாழ்நாள் முழுக்க உட்காரக் கூடாது என்ற நியாயம். விபத்து நடந்த ஆண்டு சித்திரையில்தான் ஒன்பது அவளுக்கு விழுந்தது. அடுத்த சித்திரையில் மட்டும், அவள் இப்போதுதானே திரும்பியிருக்கிறாள் என்று ஒன்பதாம் சீட்டைத் தனியே எடுத்து அவளிடமே விட்டார்கள். அதில் பாசம் பாதி, ஏசி பாதி. அதற்கெல்லாம் முந்தைய பிப்ரவரியில் அவள் உட்கார்ந்திருந்தது ஜன்னலோரம், நான்கில். நேரத்தை நிமிடக் கணக்கில் குறிக்கத் தெரிந்தவளுக்கு இது மறந்துவிட்டது.

ஒன்பதில் அப்போது கழுத்தில் துண்டோடு யார் உட்கார்ந்திருந்தார்கள் என்பது மறக்கவில்லை.

"திங்கட்கிழமை வரைக்கும் டிக்க மாத்திக்கலாம்," என்றார் டாக்டர். "யோசிச்சு வாங்க."

மூன்று மணி டீக்கு அவள் ஸ்டூடியோவில் இருந்தாள். டீ கிளாஸும் நோட்டுமாகத் தடுப்பைச் சுற்றிக்கொண்டு குணசீலனின் பக்கம் போனாள். சித்திரையிலிருந்து அவர் அங்கே உட்கார்ந்திருந்தும் இதுதான் முதல் தடவை. அவர் மேசை ஓரத்தில் ரப்பர் உருண்டைகள் வரிசையாக இருந்தன.

குணசீலன் அவள் முகத்தையும் உருண்டைகளையும் மாறி மாறிப் பார்த்தார். "தெரிஞ்சிடுச்சா?"

"எப்பலேர்ந்துண்ணே உங்களுக்குத் தெரியும்?"

"நீ திரும்பி வந்த ரெண்டாம் நாளு. கேன்டீன்ல கிளாஸ தட்டின. எவன்டா என்ன கிண்டல் பண்றதுன்னு திரும்பினா, நீ." டீயை மேசையில் வைத்தார். "நாங்க இருபத்தி ரெண்டு பேரும் கையெழுத்துப் போட்டுக் குடுத்தோம், எங்க பதிவ எடுத்துக்கோன்னு. உங்கிட்ட சொல்லக்கூடாதுன்னு ஆஸ்பத்திரியில கண்டிஷன். அதான் கைய பையில போட்டுக்கிட்டேன். நீ பாத்துட்டா கழுவிடுவ. உன்னப் பத்தித் தெரியாதா?"

"நேத்து நான் வந்து குதிச்சப்பவாவது சொல்லியிருக்கலாம்ல?"

"நான் உன் ரீல பாக்கச் சொன்னேன். உன் கையிலயும் ஏதாவது ஒண்ணு ரெண்டு ஒத்துப்போகும், மனசு ஆறும்னு நெனச்சேன். நீ என் ரீல பாத்துட்டு வந்து, நான்தான் நான்தான்னு சுத்தி வந்தா நான் என்னத்த சொல்ல? அவ்வளவு சந்தோஷமா இருந்த." அவர் முகத்தில் பாதிச் சிரிப்பு இருந்தது. "கை வரையறதயே தொழிலா வச்சிருக்க. உன் கை எது, என் கை எதுன்னு தெரியல. குமாஸ்தா தேவல."

செம்மலர் சிரிக்காமல் இருக்கப் பார்த்தாள். "அப்ப பதினேழு உங்களோடதுண்ணே. டோக்கியோவுக்கு உங்க பேரத்தான் எழுதணும்."

"என்னோடதா? நான் வரையறது அஞ்சாம் கை. அந்தக் கையும் விரல எண்ணுது. மூணு தடவ டோக்கியோக்காரன் திருப்பி அனுப்பியிருக்கான், தேவையில்லாத அசைவுன்னு. இருபது வருஷமா இந்தப் பழக்கம் எங்கிட்ட சும்மாதான் கெடந்துச்சு. எவனுக்கும் தூக்கம் கெடல." ரப்பர் உருண்டை ஒன்றை இடது கையால் நகர்த்தினார். "உங்கிட்ட வந்து என்னமோ ஆயிருக்கு. அது எதுன்னு எனக்கும் தெரியல. பொறாமையா இல்லைன்னு சொல்ல மாட்டேன். மார்ச்சு, ஏப்ரல் ரெண்டு மாசம் இருந்துச்சு. அப்புறம், நம்ம புள்ள நமக்குப் பதிலா பாஸ் பண்ணின மாதிரி ஆயிடுச்சு."

அவள் பக்கத்து ஸ்டூலில் உட்கார்ந்து நோட்டை மடியில் வைத்துப் பிரித்தாள். "திங்கட்கிழமைக்குள்ள மாத்தலாமாம்," என்றாள் பிறகு.

"மாத்திக்க. உன் இஷ்டம். பையில ஒளிச்சு வைக்கிற வேலையாவது மிச்சம்." குணசீலன் வலது கையைப் பேன்ட் பையிலிருந்து எடுத்தார். ஐந்து மாதத்தில் முதல் தடவையாக அதைக் கிளாஸுக்கு அருகே கொண்டுபோனார். கை நேராகப் போய்க் கிளாஸைத் தூக்கியது. அவர் ஒரு வாய் குடித்தார். பிறகுதான் அவருக்கே ஏதோ விட்டுப்போனது போல இருந்தது. கிளாஸைக் கீழே வைத்துத் தன் கையைப் பார்த்தார். மறுபடி தூக்கினார். இந்த முறையும் தட்டவில்லை.

"போயிடுச்சு போலருக்கே," என்றார். வேடிக்கையாகத்தான் சொன்னார். ஆனால் கையைத் திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டிருந்தார், வண்டிச் சாவியைத் தொலைத்தவர் பையைப் பார்ப்பது போல.

செம்மலர் தன் டீயை எடுக்கப் போனாள். டொக், டொக். அவள் கேட்கவில்லை. அல்லது கேட்டிருப்பாள்.

குணசீலன் அந்தச் சத்தத்தை உற்றுக் கேட்டார். தன் நகத்தைக் கிளாஸின் விளிம்பில் வைத்து, யோசித்து யோசித்துத் தட்டிப் பார்த்தார்.

அவள் நீல நோட்டை மூடிப் பைக்குள் போட்டாள்.

"ரெண்டுண்ணே," என்றாள். "நீங்க மூணு தட்டுறீங்க."